சேர்மன் குழாய் திறக்க வராத சனிக்கிழமை

சேர்மன் தணிகாசலம் காலமாகிப் பதினெட்டு வருடங்கள் ஆகியிருந்தன. ஆனாலும் ஒவ்வொரு சனிக்கிழமையும் மீனலோசனி டாக்கீஸின் திரையில் வந்து, நல்லாம்பட்டணத்தின் முதல் குடிநீர்க் குழாயைத் திறந்துவிட்டுப் போவார். டாக்கீஸுக்கு லைசென்ஸ் கொடுத்தபோதே, சனிக்கிழமை மாலைக் காட்சிக்கு முன்னால் அந்தச் செய்திப்படத்தைப் போட வேண்டும் என்று அவர் நிபந்தனை விதித்திருந்தார். தாம் இறந்துவிட்டால் என்ன செய்வது என்பது பற்றி அந்த நிபந்தனையில் ஒன்றும் இல்லை. ஆகவே அவரும் தவறாமல் வந்துகொண்டிருந்தார். ஆடி மாதம் ஒரு சனிக்கிழமை அவர் வரவில்லை.

படம் ஓடத்தான் ஓடியது. பந்தல், வாழைமரம், குடங்களோடு வரிசையில் பெண்கள், கையில் தொப்பியோடு வெள்ளைக்கார எஞ்சினீயர், மாலையை ஏந்தி நின்ற ஓவர்சியர், எல்லோரும் அவரவர் இடத்தில் இருந்தார்கள். சேர்மனும் அவர் மனைவியும் நிற்க வேண்டிய இடம் மட்டும் காலியாகக் கிடந்தது. ஓவர்சியர் சாலைப் பக்கம் எட்டிப் பார்த்தார். எஞ்சினீயர் தொப்பியால் விசிறிக்கொண்டார். பெண்கள் குடங்களை இறக்கி வைத்தார்கள். கொஞ்ச நேரம் கழித்து அவற்றின் பக்கத்திலேயே உட்கார்ந்தும் விட்டார்கள். இரண்டு நிமிடத்தில் முடிய வேண்டிய படம் முடியவே இல்லை.

"மெயின் படத்தைப் போடுங்கப்பா, அவர் வர்றப்ப வரட்டும்" என்று தரை டிக்கெட்டிலிருந்து ஒருவன் கத்தினான்.

"உயிரோட இருந்தப்ப மட்டும் என்ன, சொன்ன நேரத்துக்கா வந்தாரு?" என்றான் இன்னொருவன்.

சோபா டிக்கெட்டில், தூணை ஒட்டிய தன் வழக்கமான இடத்தில் உட்கார்ந்திருந்த செங்கமலத்தம்மாள் இரண்டையும் கேட்டுக்கொண்டாள். அவள் சேர்மனுடைய மனைவி. ஒரு சனிக்கிழமையும் விடாமல் வெள்ளைச் சேலையில் வந்து கணவனைப் பார்த்துவிட்டுப் போகிறவள். பக்கத்தில் அவளுடைய தம்பி அருணகிரி முறுக்குப் பொட்டலத்தோடு உட்கார்ந்திருந்தான். பள்ளிக்கூடத்தில் டிராயிங் வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவன். அக்காவுக்குத் துணையாக வந்து, முறுக்குத் தீர்ந்ததும் தூங்கிவிடுவான்.

"உடம்பு கிடம்பு சரியில்லையோ என்னவோக்கா" என்றான்.

"உடம்பு சரியில்லாட்டி ஒருத்தர் வராம இருப்பார். ரெண்டு பேருமா வராம இருப்பாங்க?" என்றாள் செங்கமலத்தம்மாள்.

இங்கே ஒரு விஷயத்தைச் சொல்லியாக வேண்டும். செய்திப்படத்தில் சேர்மனின் பக்கத்தில் நிற்கும் மனைவி செங்கமலத்தம்மாள் இல்லை. படம் எடுக்க மதராஸிலிருந்து ஆட்கள் வந்தபோது, ஊர் பார்க்கத் திரையில் நிற்பது குடும்பப் பெண்ணுக்கு அழகில்லை என்று அவள் மாமியார் தடுத்துவிட்டாள். படக்காரர்களோ சேர்மனும் மனைவியும் சேர்ந்துதான் திறக்க வேண்டும் என்றார்கள். அந்த வாசகத்தை அச்சடித்தே கொண்டுவந்திருந்தார்கள். அப்போது ஊரில் முகாம் போட்டிருந்த நாடகக் கம்பெனியிலிருந்து ஸ்திரீபார்ட் சிங்காரவேலுவை அழைத்துவந்து நிறுத்தினார்கள். பெண் வேஷம் கட்டி அவன் தெருவில் நடந்தால் பெண்களே வழிவிடுவார்களாம். செங்கமலத்தம்மாள் தன் அரக்குப் பட்டுச்சேலையையும் ஒட்டியாணத்தையும் கொடுத்தனுப்பினாள். ஒட்டியாணம் திரும்பி வந்தது. "நல்லாம்பட்டணம் நகரசபைத் தலைவரும் அவர் மனைவியும்" என்று திரையில் எழுத்து வரும்போதெல்லாம், ஆயிரம் பேருக்கு நடுவில் உட்கார்ந்து அவள் அதைப் படித்திருக்கிறாள்.

அது பேசாத படக் காலத்துப் படம். கையால் சுற்றி எடுத்ததை மோட்டாரில் ஓட்டுவதால் அதில் எல்லோரும் விறுவிறுவென்று நடப்பார்கள். கூடத்திலிருந்து சாப்பிட வருவதற்குள் இரண்டு முறை நின்று மூச்சு வாங்கும் மனிதர், படத்தில் மட்டும் ஓட்டமும் நடையுமாகப் போவது அவளுக்கு முதலிலிருந்தே பிடித்ததில்லை. யாரைப் பார்க்க இந்த அவசரம் என்று தோன்றும். போன சில சனிக்கிழமைகளாக வேறு சிலவும் தோன்றியிருந்தன. வெற்றிலையே போடாதவருடைய உதடு கறுத்திருந்தது. இடது தோளில் சும்மா கிடக்கும் அங்கவஸ்திரம் விசிறி மடிப்போடு இருந்தது. கடைசியாக வந்த அன்று, குழாயைத் திருகக் குனிந்தபோது, அவர் பாதத்தில் மணல் ஒட்டியிருந்தது. நல்லாம்பட்டணத்தில் இருப்பது கரிசல் மண். கறுப்பு வெள்ளைப் படத்தில்கூட இந்த வித்தியாசம் தெரியும், பார்க்கிறவள் மனைவியாக இருந்தால்.

மறுநாள் காலை அவள் டாக்கீஸுக்குப் போனாள். மானேஜர் பாக்கியநாதன் சர்ச்சிலிருந்து அப்போதுதான் வந்து சட்டையைக் கழற்றிக்கொண்டிருந்தார். சேர்மனம்மாவைக் கண்டதும் மறுபடி மாட்டிக்கொண்டார்.

"எங்கே போயிருக்கார்?" என்றாள்.

"எனக்கென்னம்மா தெரியும்?"

"டப்பா உங்ககிட்ட தானே இருக்கு?"

பாக்கியநாதன் அவளை உள்ளே அழைத்துப் போய்ப் பழைய தகரப் பெட்டியைத் திறந்து காட்டினார். படச்சுருள் டப்பாக்கள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கியிருந்தன. வெள்ளம், ரயில் பாதைத் திறப்பு, துறைமுகத்தில் கப்பல் புறப்பாடு, குஸ்திப் போட்டி, குழாய்த் திறப்பு.

"இப்படி ஒட்டி ஒட்டி அடுக்கி வெச்சா போக்குவரத்து இருக்கத்தான்மா செய்யும்" என்றார். "வெள்ளப் படத்து ஜனங்க அப்பப்ப குஸ்திப் படத்துக்கு வந்து துணி காயப்போடுவாங்க. பயில்வான்க ஒண்ணும் சொல்றதில்ல. உங்க வீட்டுக்காரர் இத்தனை காலம் எங்கேயும் போகாம இருந்ததுதான் பெரிசு."

"ரயில் படத்தைப் போடுங்க."

போட்டார். மாலை சாத்திய எஞ்சின் புகையோடு புறப்பட்டது. இரண்டாவது பெட்டியின் ஜன்னலோரத்தில் சேர்மன் உட்கார்ந்திருந்தார். எதிரே அரக்குப் பட்டுச்சேலை. கரித்தூள் கண்ணில் படாமல் இருக்க அவர் எழுந்து ஜன்னல் பலகையை இறக்கினார். பலகை இறங்கும்போது அவர் எதற்கோ சிரித்தார். அவருக்கு மேல்வரிசையில் ஒரு தெத்துப்பல் இருப்பது செங்கமலத்தம்மாளுக்கு அன்றுதான் தெரிந்தது.

"கப்பல் படம்" என்றாள்.

கப்பல் புறப்பட்டுக்கொண்டிருந்தது. கரையில் கைக்குட்டை அசைத்த கூட்டத்திலிருந்து தள்ளி, முதுகு காட்டி இரண்டு பேர் நின்றார்கள். அவர்களுக்கு முன்னால் கடல் இருந்தது.

"போதும், நிறுத்துங்க" என்றாள் அவள்.

கல்யாணமான புதிதில் அவள் அவரிடம் ஒன்றே ஒன்று கேட்டிருந்தாள். நகை கேட்கவில்லை. கடல் பார்க்க வேண்டும் என்றாள். அடுத்த மாதம் போகலாம் என்றார். அடுத்த மாதம் நகரசபைத் தேர்தல் வந்தது. அதற்கு அடுத்த மாதம் காலரா வந்தது. பிறகு குழாய் வந்தது. படுக்கையில் விழுந்த பிறகும் அவர் அந்த வாக்கை மறக்கவில்லை என்பதை அவள் ஒப்புக்கொள்வாள். "அடுத்த மாசம் உன்னைக் கூட்டிட்டுப் போறேன்" என்று சொன்னார். இப்போது கூட்டிக்கொண்டுதான் போயிருந்தார்.

அன்று மத்தியானமே அவள் சிங்காரவேலுவின் கடைக்குப் போனாள். நாடகக் கம்பெனி கலைந்த பிறகு அவன் ஊரிலேயே தங்கிப் பெரிய மீசை ஒன்றை வளர்த்துக்கொண்டு வாடகை சைக்கிள் கடை வைத்திருந்தான். வயது அறுபதைத் தொட்டிருந்தது. பஞ்சர் ஒட்டிக்கொண்டிருந்தவன் எழுந்து, துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டான்.

"எங்கே போயிருக்கே தெரியுமா நீ?" என்றாள்.

"பாக்கியநாதன் சொன்னாருங்கம்மா."

"என் சேலையைக் கட்டிக்கிட்டு, என் பேரைச் சொல்லிக்கிட்டு, என் புருஷனோட ரயில் ஏறிப் போயிருக்கே. வெத்தலை வேற மடிச்சுக் கொடுத்திருக்கே."

"கோவிச்சுக்காதீங்க. அது நான் இல்லீங்கம்மா."

"பின்னே யாரு?"

"நீங்கதான். எழுத்துல அப்படித்தானே போட்டிருக்கு? 'அவர் மனைவியும்'னு. சிங்காரவேலுன்னா போட்டிருக்கு? அவருக்கு அங்கே அந்த எழுத்துதானே தெரியும். பொண்டாட்டிக்குக் கடல் காட்டறேன்னு சொன்னாரு. பக்கத்துல பொண்டாட்டி நின்னா. கூட்டிட்டுப் போயிட்டாரு. அவர் மேல என்னம்மா தப்பு?"

செங்கமலத்தம்மாள் யோசித்தாள். வாதம் சரியாகத்தான் இருந்தது. அதனாலேயே அவளுக்குச் சந்தேகம் கூடியது.

"அது நான்னா, நான் ஏன் இன்னும் கடல் பார்க்கலை?" என்றாள்.

சிங்காரவேலு மறுபடி பஞ்சர் வேலைக்குக் குனிந்தான். கழற்றிய டியூபைத் தண்ணீர்த் தொட்டியில் அமுக்கி, குமிழி எங்கே வருகிறது என்று பார்த்தான். குமிழி வந்த பிறகு பேசினான்.

"நீங்களே போய் அழைச்சுக்கிட்டு வந்துடுங்கம்மா. படத்துல ஏறணும்னா படம் எடுக்கிறவன் வரணும். வர்ற வியாழக்கிழமை புது பஸ் ஸ்டாண்ட் திறக்க மந்திரி வர்றாரு. செய்திப்படக்காரங்களும் வர்றாங்க. முன்னால போய் நில்லுங்க. அந்த டப்பாவை வெள்ளப் படத்து டப்பாவுக்குப் பக்கத்துல வைக்கறது பாக்கியநாதன் வேலை."

"நான் நின்னா படத்துல ஒருத்தி போவா. நான் வீட்டுக்கு வந்து ரசம் வைப்பேன். கடல் பார்க்கிறது அவளா, நானா? இப்ப நீ இங்க பஞ்சர் ஒட்டலையா, அந்த மாதிரிதானே?" என்றாள் செங்கமலத்தம்மாள். "அவளை மட்டும் நான் எப்படி நம்பறது?"

"நியாயம்தான்" என்றான் அவன். மீசையைத் தடவிக்கொண்டான். அது தன்னை விட்டுப் போகப்போகிறது என்று அப்போதே அவனுக்குத் தெரிந்திருந்தது. "படத்துல ஒருத்தி, வெளியில ஒருத்தி. அவ்வளவுதானே வேணும்? ரெண்டு எடத்துலயும் நீங்களே இருக்கணும்னு இல்லையே. வெளியில நான் இருக்கேன். நீங்க முழுசாப் போயிட்டு வாங்க."

புதன்கிழமை அவன் மீசை இல்லாமல் அவள் வீட்டுக்கு வந்தான். கையில் அரக்குப் பட்டுச்சேலை இருந்தது. பெட்டிக்குள் வேப்பிலை போட்டுப் பத்திரமாக வைத்திருந்தான். திருப்பிக் கொடுக்க வேண்டும் என்று ஒவ்வொரு பொங்கலுக்கும் நினைத்ததாகச் சொன்னான். அவள் தன் வெள்ளைச் சேலைகளில் நல்லதாக ஒன்றை அவனுக்கு எடுத்துக் கொடுத்தாள். அவன் அதைக் கட்டிக்கொண்டு கூடத்தில் இப்படியும் அப்படியும் நடந்தான். ஊஞ்சலில் உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்த அருணகிரி காலை மடக்கி வழிவிட்டான்.

"நீங்க அங்கே கொஞ்சம் தலையைக் குனிஞ்சு நிக்கணும்மா. நான் அப்படித்தான் நின்னேன்" என்றான் சிங்காரவேலு.

"நான் ஒருநாளும் குனிஞ்சு நின்னதில்லே."

"தெரியும்மா. படத்துக்காகச் சொன்னேன்."

"அதை விடு. நீ பார்க்கிறது சரியில்லே. எங்கே, சந்தேகமாப் பாரு."

அவன் கண்ணை இடுக்கிப் பார்த்தான்.

"அது நாடகத்துல. சந்தேகப்படறவ கண்ணை இடுக்கமாட்டா. நல்லா முழுசாத் திறந்து வெச்சு, மேலேருந்து கீழே ஒரு தடவை பார்ப்பா. கேள்வி கேக்க மாட்டா. கேட்டாலும் பக்கத்துல இருக்கிறவங்களைத்தான் கேப்பா."

அவன் கண்ணைத் திறந்து, அவளை மேலிருந்து கீழே ஒருமுறை பார்த்தான். அவள் தன்னையறியாமல் தலைப்பைச் சரிசெய்துகொண்டாள்.

"இப்ப சரி" என்றாள்.

வியாழக்கிழமை அவள் பட்டுச்சேலை உடுத்தி, பூ வைத்து, பொட்டும் இட்டுக்கொண்டு புறப்பட்டாள். போகிற இடத்தில் கணவர் இருந்தார். ஆகவே தெருவில் யாரும் எதுவும் சொல்லவில்லை. மந்திரி ரிப்பனை வெட்டக் கத்தரிக்கோலை எடுத்ததும் அவள் போலீஸ்காரரைத் தாண்டி முன்னால் போய் நின்றாள்.

"அம்மா, மந்திரியை மறைக்கிறீங்க" என்றான் காமிராக்காரன்.

"அவருக்கென்னப்பா, இன்னொரு ஊர்ல வெட்டிக்குவார்" என்றாள்.

மத்தியானம் வெள்ளைச் சேலையில் சிங்காரவேலு குதிரைவண்டி ஏறி அவள் வீட்டுக்குப் போனான். அவளோ படத்துக்குள், அந்தப் பஸ் ஸ்டாண்டிலேயே இருந்தாள். படம் மதராஸுக்குப் போய்க் கழுவப்பட்டு, டப்பாவில் அடைபட்டுத் திரும்பி வரும் வரைக்கும், அந்தச் சுருண்ட இருட்டில், பாதி வெட்டிய ரிப்பனுக்குப் பக்கத்தில் பொறுமையாக நின்றாள். மந்திரிக்குப் பேச்சு நிறைய இருந்தது. அவள் அதில் எதையும் நம்பவில்லை.

பிறகு ஒரு சனிக்கிழமை தகரத்தில் தகரம் உரசும் சத்தம் கேட்டது. பாக்கியநாதன் சொன்னபடி அடுக்கிவிட்டார். புதிய பஸ்ஸைச் சுற்றிக்கொண்டு பின்பக்கம் போனாள். அங்கே வெள்ளம் ஓடிக்கொண்டிருந்தது. சேலையைக் கொஞ்சம் தூக்கிப் பிடித்துக்கொண்டு கடந்தாள். கூரைமேல் உட்கார்ந்திருந்தவர்கள் ரயிலடிக்கு வழி காட்டினார்கள்.

அவளை எடுத்த படம் புதுக் காலத்துப் படம். அதில் நடை இயல்பான நடையாக இருக்கும்; குரலும் உண்டு. ஆகவே பழைய படங்களுக்குள் எல்லோரும் விறுவிறுவென்று ஓட, அவள் ஒருத்தி மட்டும் நிதானமாக நடந்தாள். அத்தனை பேரும் வாயை மட்டும் அசைக்க, அவள் ஒருத்தி மட்டும் சத்தமாகப் பேசினாள். டிக்கெட் பரிசோதகர் மூன்று முறை வந்து போவதற்குள் அவள் ஒரே ஒரு முறை இடத்தை விட்டு எழுந்தாள்.

துறைமுகத்தில் இறங்கியபோது கப்பல் வழக்கம்போல் புறப்பட்டுக்கொண்டிருந்தது. கரையோரம் அவர்கள் இரண்டு பேரும் நின்றார்கள். அவளைக் கண்டதும் சேர்மன் நடக்க ஆரம்பித்தார். அவருடைய நடை வேகத்துக்கு அவளால் ஈடுகொடுக்க முடியவில்லை. சாப்பிட வர மூச்சு வாங்குகிறவர், வெளியே கிளம்புவதில் மட்டும் வீட்டிலும் இப்படித்தான், அவள் காப்பியோடு கூடத்துக்கு வருவதற்குள் அவர் வண்டி ஏறியிருப்பார்.

"ஏங்க! நில்லுங்க!" என்றாள்.

ஓசையே இல்லாத படத்தில் அது இடிபோல் விழுந்தது. கைக்குட்டை அசைத்தவர்கள் அசைப்பதை நிறுத்தினார்கள். கப்பலும் நின்றது. சேர்மன் திரும்பி அவளைப் பார்த்தார், பக்கத்தில் இருந்தவளைப் பார்த்தார், இரண்டு அரக்குப் பட்டுச்சேலைகளையும் மாறி மாறிப் பார்த்தார்.

"நான் கேட்டேனே, ஒரு தடவை கூட்டிட்டு வந்தீங்களா? இப்ப எவனையோ கூட்டிட்டு வந்து காட்டறீங்க. வெத்தலை யார் போடச் சொன்னா? தேர்தல்ங்கறீங்க, காலராங்கறீங்க, செத்தும் போயிட்டீங்க. செத்தவருக்கு அவனோட மட்டும் வர நேரம் எங்கிருந்து வந்தது?"

சேர்மனின் வாய் வெகுநேரம் அசைந்தது. அவர் உண்மையில் என்ன சொன்னார் என்று தெரிந்துகொள்ள அவள் எதையும் கொடுத்திருப்பாள். காட்சி கறுத்து, வெள்ளை எழுத்துகள் வந்தன.

"நகரசபைத் தலைவர் தம் மனைவியின் குறைகளைக் கேட்டறிகிறார்."

"அது தெரியுது. பதில் என்ன?" என்றாள்.

"ஆவன செய்வதாக உறுதியளிக்கிறார்."

இளம் சிங்காரவேலு இதுவரை தலையைக் குனிந்தபடியே நின்றிருந்தான். அந்த வேடத்துக்கு உரியவள் வந்துவிட்ட பிறகு தொழில் தெரிந்தவன் மேடையில் நிற்கமாட்டான். அவளுக்கு ஒரு கும்பிடு போட்டு, தலையிலிருந்த கூந்தலைக் கழற்றிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, குஸ்திப் படம் இருக்கும் திசையில் வேகமாக நடந்து மறைந்தான்.

கரையில் அவர்கள் இருவரும் நின்றார்கள். கடல் சாம்பல் நிறத்தில், சத்தமில்லாமல், அவள் நினைத்திருந்ததைவிட அவசரமாக அடித்துக்கொண்டிருந்தது. அலை வந்து பாதத்தைத் தொட்டதும் கீழேயிருந்து மணல் நழுவியது. இதை யாரும் அவளுக்குச் சொன்னதில்லை. அவள் சேர்மனின் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். படச்சுருள் முடிந்து, மறுபடி முதலிலிருந்து தொடங்கி, கப்பல் இன்னொரு முறை புறப்படும் வரைக்கும் பார்த்தாள்.

"சரி, வாங்க. அங்கே ஜனங்க காத்திருக்காங்க" என்றாள்.

திரும்பி நடந்தபோது அவர் இரண்டு முறை வேகமாக முன்னால் போய்விட்டு, இரண்டு முறையும் திரும்பி வந்தார். அதன் பிறகு அவளுடைய நடைக்கு நடந்தார்.

பந்தலில் பெண்கள் அடுப்பு மூட்டிச் சோறு பொங்கி இறக்கியிருந்தார்கள். சேர்மனைக் கண்டதும் அவசரமாகக் குடங்களை எடுத்துக்கொண்டு வரிசையில் நின்றார்கள். ஓவர்சியர் மாலையைப் போட்டார். எஞ்சினீயர் தொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டார். "நல்லாம்பட்டணம் நகரசபைத் தலைவரும் அவர் மனைவியும்" என்று எழுத்து வந்தது. உள்ளேயிருந்து பார்க்கும்போது அது கண்ணாடியில் போல இடவலம் மாறித் தெரிந்தது. ஆனாலும் அவள் ஒருமுறை முழுதாகப் படித்தாள். சேர்மன் குழாயைத் திருகினார். தண்ணீர் வந்தது. அவள் தலை குனியாமல் நின்றாள்.

நிமிர்ந்து நின்றதால் எதிரே இருந்த டாக்கீஸ் முழுவதும் தெரிந்தது. தரை டிக்கெட்டில் கை தட்டினார்கள். சோபா டிக்கெட்டில், தூணை ஒட்டிய இடத்தில், ஒரு வெள்ளைச் சேலை உட்கார்ந்திருந்தது. அதன் பக்கத்தில் அருணகிரி முறுக்கு தின்றுகொண்டிருந்தான். வெள்ளைச் சேலை கண்ணை இடுக்கவில்லை. நன்றாகத் திறந்து வைத்து, திரையில் நின்றவளை மேலிருந்து கீழே ஒருமுறை பார்த்தது. பிறகு பக்கத்தில் சாய்ந்தது.

"அருணகிரி, அவர் பக்கத்துல நிக்கிறாளே, யாருடா அவ?"

அருணகிரி திரையைக் கவனமாகப் பார்த்தான்.

"யாரோ நாடகக் கம்பெனி ஆளுக்கா" என்று சொல்லிவிட்டு, முறுக்குப் பொட்டலத்தை நீட்டினான்.

செங்கமலத்தம்மாள் குனிந்து, நிரம்பிய முதல் குடத்தை எடுத்துக் கொடுத்துவிட்டு, அடுத்த குடத்துக்குக் கையை நீட்டினாள்.